மிரெலேயைத் தியாகத் தாய் என்று சொல்லாதீர்கள்

டிஸ்கி: பதிவில் படத்தின் கதை முழுவதும் இருக்கிறது, முடிவு உட்பட. 1939-இல் வந்த படத்துக்கு இதற்கு மேல் ரகசியம் காக்க என்னால் முடியாது.

‘மிரெலே எஃப்ரோஸ்’ என்ற யிட்டிஷ் படத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் மூன்று வரியில் முடித்துவிடுகிறார்கள். பிள்ளைகளுக்காக வாழ்ந்த தாய். வீட்டுக்கு வந்த பொல்லாத மருமகள். நன்றி கெட்ட மகன்கள். அப்புறம் கண்ணைத் துடைத்துக்கொண்டு “என்ன ஒரு தியாகம்!” என்று ஒரு பெருமூச்சு. விமர்சனம் முடிந்தது.

நான் இதை ஒத்துக்கொள்வதாக இல்லை. மிரெலே செய்ததற்குப் பெயர் தியாகம் இல்லை என்பதுதான் இந்தப் பதிவு. அவள் செய்தது, எந்த ஏட்டிலும் எழுதாமல் கொடுத்த கடன். கடன் என்று வாங்கியவனுக்கே தெரியாத கடன். அந்தக் குடும்பம் உடைந்ததற்கு மருமகளின் பேராசையை விட அந்த மறைப்புதான் பெரிய காரணம். பி.காம். படிக்கிறவன் சினிமா விமர்சனம் எழுதினால் இப்படித்தான் இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில், பார்க்காதவர்களுக்காக. யிட்டிஷ் என்பது கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் பேச்சுமொழி. ஜெர்மன் அடித்தளம், ஹீப்ரூ, ஸ்லாவிய மொழிகளிலிருந்து ஏராளமான சொற்கள், எழுதுவது ஹீப்ரூ எழுத்தில். இரண்டாம் உலகப் போருக்கு முன் ஒரு கோடிக்கும் மேற்பட்டோர் பேசிய மொழி. 1930-களின் பிற்பாதியில் போலந்திலும் அமெரிக்காவிலும் இந்த மொழியில் நிறையப் படங்கள் வந்தன. அவற்றில் ஒன்று இது. எடுத்தது அமெரிக்காவில். இயக்குநர் ஜோசப் பெர்ன். மிரெலேயாக நடித்தவர் பெர்த்தா கெர்ஸ்டன். இதே பெர்த்தா கெர்ஸ்டன்தான் பின்னாளில், 1956-இல், ‘தி பென்னி குட்மேன் ஸ்டோரி’ என்ற ஹாலிவுட் படத்தில் பென்னி குட்மேனின் அம்மாவாக வந்தார்.

மூலம் ஒரு நாடகம். எழுதியவர் யாகோப் கோர்டின். உக்ரைனில் பிறந்து 1891-இல் நியூயார்க் போய்ச் சேர்ந்தவர். 1892-இல் ‘யூத லியர் அரசன்’ என்று ஒரு நாடகம் எழுதினார். 1898-இல் எழுதிய ‘மிரெலே எஃப்ரோஸ்’ நாடகத்தை ‘யூத லியர் அரசி’ என்றே அழைத்தார்கள்.

கதை இதுதான். குரோட்னோ நகரம். இன்று பெலாருஸில் இருக்கிறது, கதை நடக்கும் காலத்தில் ரஷ்யப் பேரரசு. அங்கே மிரெலே ஒரு பெரிய தொழிலை நடத்தும் விதவை. ஊரே மதிக்கும் பெண்மணி. இரண்டு மகன்கள்: யோசெலே, டோன்யே. கணக்கு வழக்கெல்லாம் பார்ப்பவர் ஷால்மென் என்ற நம்பிக்கையான காரியஸ்தர். மூத்தவனுக்கு ஸ்லுட்ஸ்க் நகரத்திலிருந்து ஷெயிண்டெலே என்ற பெண்ணைக் கொண்டுவருகிறார்கள். வசதி குறைந்த வீட்டுப் பெண். சம்பந்தி வீட்டாரின் லட்சணத்தைப் பார்த்துக் கல்யாணத்தையே நிறுத்திவிட மிரெலே நினைக்கிறாள். மகன் அந்தப் பெண்ணை விரும்புகிறான் என்பதற்காக விட்டுக்கொடுக்கிறாள்.

மருமகள் வீட்டுக்கு வந்ததும் கேள்வி கேட்க ஆரம்பிக்கிறாள். அப்பா சொத்து மகன்களுக்குத்தானே? ஏன் எல்லாம் மாமியார் கையில் இருக்கிறது? மகன்களும் கேட்கிறார்கள். சண்டை முற்றுகிறது. அப்போதுதான் உண்மை வெளியே வருகிறது. அப்பா விட்டுப்போனது சொத்தே இல்லை, கடன். அவர் திவாலான நிலையில்தான் இறந்தார். கடன்காரர்கள் ஒவ்வொருவருக்கும் கொடுத்து முடித்து, பிறகு தொழிலை நிமிர்த்தி, இன்றிருக்கும் செல்வம் முழுவதையும் சம்பாதித்தவள் மிரெலே. செத்துப்போனவரின் பெயருக்குக் களங்கம் வரக்கூடாது என்று இத்தனை வருஷம் வாயே திறக்கவில்லை. இதைச் சொல்லிவிட்டு என்ன செய்கிறாள்? எல்லாவற்றையும் மகன்களுக்கே எழுதிக் கொடுத்துவிடுகிறாள்!

அதற்கப்புறம் நடப்பது எதிர்பார்த்ததுதான். சொந்த வீட்டிலேயே மதிப்பிழக்கிறாள். ஒருநாள் வெளியேறி ஷால்மென் வீட்டில் போய்த் தங்குகிறாள். வருஷங்கள் ஓடுகின்றன. மகன்களின் தொழில் சரிகிறது. பேரன் ஷ்லோய்மெலேக்கு பதின்மூன்று வயதாகி பார் மிட்ஸ்வா சடங்கு வருகிறது. பெரியவர்கள் வந்து கெஞ்சியும் இறங்கி வராத பாட்டி, பேரன் வந்து அழைத்ததும் போகிறாள். சுபம்.

இனி என் வழக்கு.

ஒன்று. மிரெலே கணவனின் கடன்காரர்களை எப்படி நடத்தினாள், பெற்ற பிள்ளைகளை எப்படி நடத்தினாள் என்று பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். கடன்காரர்களுக்கு எல்லாம் கணக்கு. யாருக்கு எவ்வளவு என்று பார்த்துக் கொடுத்து முடித்தாள். பிள்ளைகளுக்கு மட்டும் பொய்க் கணக்கு. ‘இது உங்கள் அப்பா வைத்துவிட்டுப் போனது’ என்ற நினைப்பிலேயே அவர்களை வளர்த்தாள். எங்களுக்கு முதல் பாடமே தொழில் வேறு, முதலாளி வேறு, குடும்பம் வேறு என்பதுதான். இந்த மூன்றையும் ஒரே பெட்டியில் போட்டுப் பூட்டி, சாவியை இடுப்பில் செருகிக்கொண்டவள் மிரெலே. பிறகு பெட்டி உடைந்ததும் நாம் மருமகளைத் திட்டுகிறோம்.

இரண்டு. இந்தப் பொய் வெறும் குடும்ப சென்டிமென்ட் இல்லை, சட்ட விஷயம். யூத சமய மரபுச் சட்டப்படி கணவனின் சொத்துக்கு மனைவி வாரிசு கிடையாது. மகன்கள்தான் வாரிசு. மனைவிக்கு உரியது, கெதுபா என்ற திருமணப் பத்திரத்தில் எழுதிய தொகையும் பராமரிப்பும். ஆக, ‘இது அப்பாவின் சொத்து’ என்று ஊரை நம்பவைத்த நாளிலேயே மிரெலே தன் சம்பாத்தியம் முழுவதையும் மகன்கள் பெயருக்கு மாற்றிவிட்டாள் என்றுதான் அர்த்தம். ஷெயிண்டெலே வந்து புதிதாக எதையும் பறிக்கவில்லை. மாமியாரே ஊருக்குச் சொல்லி வைத்திருந்த கணக்கை எடுத்து வைத்துக்கொண்டு, இதன்படி எங்கள் பங்கு எங்கே என்று கேட்டாள். அவள் பார்த்த ஏட்டின்படி அவள் கேட்டது நியாயம். ஏடு தப்பு என்றால், எழுதியவள் யார்?

மூன்று. ஷெயிண்டெலேயைப் பற்றி. அவள் பொல்லாதவள் இல்லை என்று நான் வாதாடப் போவதில்லை. பிற்பாடு அவள் மாமியாரை நடத்தும் விதத்துக்கு மன்னிப்பே கிடையாது. ஆனால் ஆரம்பத்தில் அவள் கேட்டது என்ன? கல்யாணமான ஒரு ஆண்பிள்ளை, தன் செலவுக்கு அம்மாவின் கையை எதிர்பார்த்து நிற்க வேண்டுமா என்று கேட்டாள். வீட்டில் எவ்வளவு வருகிறது, எங்கே போகிறது என்று தெரிய வேண்டும் என்றாள். இதே கேள்வியை ஒரு கம்பெனியின் ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் ஒரு பங்குதாரர் எழுந்து கேட்டால் விழிப்பான முதலீட்டாளர் என்போம். வசதியில்லாத வீட்டிலிருந்து வந்த பெண் கேட்டால் குடும்பத்தைக் கெடுக்க வந்தவள். நல்ல நியாயம்!

நான்கு. மகன்கள். தொழிலில் கூட நின்று பழகாத பிள்ளைகள் இருவரும். எல்லா முடிவையும் மிரெலேயும் ஷால்மெனும் சேர்ந்தே எடுத்துவிடுகிறார்கள். சண்டை முற்றிய ஒரு கோபத்தில், பயிற்சி இல்லாத கையில் மொத்தத் தொழிலையும் திணிக்கிறாள் அம்மா. தொழில் சரிந்ததும் நாம் ‘பாவம், பிள்ளைகள் சரியில்லை’ என்கிறோம். அடுத்த தலைமுறையைத் தயார் செய்யாமல் ஒரு நிறுவனத்தை ஒரே நாளில் கைமாற்றிய முதலாளியை வேறு எந்தத் துறையிலாவது தியாகி என்பார்களா?

இங்கே ஒரு குரல் கேட்கிறது. “அடேய், அம்மா பாசத்தைக் கூட லெட்ஜர் போட்டுப் பார்ப்பாயா? பாசத்துக்குக் கணக்கு உண்டா?” என் வகுப்புத் தோழன் ஒருவன் இதே வார்த்தைகளில் கேட்டான். பதில் சொல்கிறேன்.

பாசத்துக்குக் கணக்கு இல்லை, சரி. ஆனால் உழைப்புக்கு உண்டு, பணத்துக்கு உண்டு. அவற்றைப் பாசத்தின் பெயரில் மூடி வைத்தால் அவை காணாமல் போகாது. வட்டியோடு வளரும். ‘உங்களுக்காக நான் என்னவெல்லாம் செய்தேன் தெரியுமா’ என்று ஒருநாள் வெடிக்கும். அந்த நாளில் கேட்டுக்கொண்டு நிற்கிற பிள்ளையால் என்ன செய்ய முடியும்? வாங்கியது கடன் என்றே தெரியாதவன் எதைத் திருப்பித் தருவான்? மிரெலே உண்மையைச் சொல்லும் இடம் எனக்கு உருக்கமாகத் தெரியவில்லை, பயமாக இருந்தது. வளர்ந்த இரண்டு ஆண்பிள்ளைகளுக்கு, தங்கள் தகப்பன் யார் என்பதே ஒரு சண்டையின் நடுவில் ஆயுதமாகத்தான் தெரியவருகிறது.

கணக்கு எழுதினால் பாசம் குறைந்துவிடும் என்பவர்களுக்கு ஒரு நிஜமான பெண்ணைக் காட்டுகிறேன். பெயர் கிளிக்கல். ஹாமெலின் கிளிக்கல் என்று வரலாற்றில் சொல்வார்கள். பதினேழாம் நூற்றாண்டில் ஜெர்மனியின் ஹாம்பர்க்கில் வாழ்ந்த யூத வணிகர். 1689-இல் கணவர் ஹைம் இறந்தார். அவர் வைத்துப்போன கடன்களை அடைத்து, வியாபாரத்தைத் தானே எடுத்து நடத்தினார் கிளிக்கல். மிரெலேயின் முன்கதை அப்படியே இவருடைய வாழ்க்கை. ஆனால் கிளிக்கல் ஒரு காரியம் கூடுதலாகச் செய்தார். உட்கார்ந்து எழுதினார். யிட்டிஷ் மொழியில், தன் பிள்ளைகளுக்காக. உயிரோடு வளர்ந்த பிள்ளைகள் பன்னிரண்டு பேர். அவர்கள் எங்கிருந்து வந்தவர்கள் என்று அவர்களுக்குத் தெரிய வேண்டும் என்பதற்காக எழுதினார். கடன், லாபம், நஷ்டம், வரதட்சிணை, ஏமாற்றியவர்கள், கடவுள், கணவன் மேல் வைத்த பிரியம், எல்லாம் ஒரே புத்தகத்தில். இரண்டாம் கணவர் திவாலான கதையையும் மறைக்கவில்லை. செத்த கணவனின் பெயர் அதனால் கெட்டுப்போனதா? இன்றைக்கு ஹைம் என்ற வணிகரை உலகத்துக்குத் தெரிவதே அந்தப் புத்தகத்தால்தான். பாசமும் கணக்கும் ஒரே தாளில் இருக்க முடியும் என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்?

அந்தக் கையெழுத்துப் பிரதி முதன்முதலாக அச்சானது 1896-இல். கோர்டினின் நாடகம் 1898-இல். இரண்டே வருஷ இடைவெளியில் இரண்டு விதவைகள். எழுதி வைத்தவர் ஒருவர், மறைத்து வைத்தவள் ஒருத்தி. மேடையும் சினிமாவும் கொண்டாடியது மறைத்தவளை. மறைத்தால்தானே கடைசியில் உடைத்து அழவைக்க முடியும்? மெலோடிராமாவுக்கு மௌனம் ஒரு மூலதனம்.

ஐந்து. லியர் ஒப்பீடு. இதை ஒரு பெருமையாகச் சொல்கிறார்கள். எனக்கு இது மிரெலேக்குச் செய்கிற அநியாயமாகப் படுகிறது. லியர் அரசன் கொடுத்தது ராஜ்யம், அது முடியோடு வந்தது. மிரெலே கொடுத்தது அவளே சம்பாதித்தது. திவாலான ஒரு தொழிலை நிமிர்த்திய வணிகர் அவள். அவளுடைய திறமைதான் இந்தக் கதையின் பெரிய செய்தியாக இருக்க வேண்டும். ஆனால் அந்தத் திறமை ஒரு முன்கதையாக, ஒரு வசனத்தில் முடிந்துபோகிறது. மிச்சமெல்லாம் அவள் இழப்பதும் அழுவதும். ஒரு பெண் சம்பாதித்த வருஷங்களுக்கு ஒரு வசனம், அவள் இழந்த வருஷங்களுக்கு மொத்தப் படம். தியாகத்தைப் புகழ்வதில் இருக்கும் சூட்சுமம் இதுதான். ‘இவள் எவ்வளவு கொடுத்தாள்’ என்று புகழ்கிற சத்தத்தில் ‘இவள் எவ்வளவு சம்பாதித்தாள்’ என்ற கேள்வி யார் காதிலும் விழுவதில்லை.

“போகட்டும் விடு. அந்த உலகமே அழிந்துபோய்விட்டது. இப்போது போய் அந்தப் படத்தோடு சண்டை போடுகிறாயே” என்றும் ஒரு வாதம் வரலாம். இது கொஞ்சம் கனமான வாதம், அலட்சியமாகத் தள்ள முடியாது. படம் வெளியான 1939-இல்தான் போர் தொடங்கியது. குரோட்னோவின் யூதர்களை 1941 நவம்பரில் கெட்டோக்களில் அடைத்தார்கள். 1942-இன் இறுதியிலிருந்து 1943 மார்ச்சுக்குள் அவர்களில் பெரும்பாலோரை ஆஷ்விட்ஸுக்கும் டிரெப்லிங்காவுக்கும் அனுப்பிக் கொன்றார்கள். மிரெலே மாதிரி ஒரு பாட்டியும் ஷ்லோய்மெலே மாதிரி ஒரு பேரனும் நடந்த தெருக்கள் அவை. இது தெரிந்த பிறகு அந்த பார் மிட்ஸ்வா காட்சியை யாராலும் சாதாரணமாகப் பார்க்க முடியாது. என்னாலும் முடியவில்லை.

ஆனாலும் சொல்கிறேன். அழிக்கப்பட்டவர்கள் என்பதால் அவர்களை எல்லாம் பாசமலர்களாக்கிக் கண்ணாடிப் பெட்டியில் வைப்பது மரியாதை ஆகாது. அவர்கள் பணத்துக்காகச் சண்டை போட்டவர்கள், வாதாடியவர்கள், கேள்வி கேட்டவர்கள். கோர்டின் இந்த நாடகத்தை எழுதியது ஒப்பாரியாக இல்லை, தன் சொந்த ஜனங்களோடு நடத்திய வாக்குவாதமாக. அவருடைய ‘யூத லியர் அரசன்’ நியூயார்க்கில் ஓடிய நாட்களில், மறுநாள் காலை வங்கிகளில் இளைஞர்கள் வரிசையில் நின்று ஊரில் இருக்கும் பெற்றோருக்குப் பணம் அனுப்பினார்கள் என்று யிட்டிஷ் நாடக வரலாற்றில் ஒரு கதை சொல்வார்கள். எனக்கு மிகவும் பிடித்த கதை இது. அந்தப் பார்வையாளர்கள் அழுதுவிட்டு வீட்டுக்குப் போய்ப் படுத்துவிடவில்லை. நாடகம் பார்த்ததும் தங்கள் கணக்கைத் திறந்து பார்த்தார்கள். மெலோடிராமா என்றாலே மட்டம் என்கிற மேதாவிகளோடு நான் சேர மாட்டேன் என்பதற்கும் இதுதான் காரணம்.

படத்தின் ஆயுளும் அப்படி ஒன்றும் சின்னதில்லை. 1939-க்கு முன்பே, 1912-இல், வார்சாவில் இதே நாடகத்தை ஊமைப்படமாக எடுத்திருக்கிறார்கள். யிட்டிஷ் நாடகத்தின் தாய் என்று போற்றப்பட்ட எஸ்தர் ராக்கெல் கமின்ஸ்கா அதில் மிரெலே. பேரன் ஷ்லோய்மெலேயாக நடித்தது அவருடைய மகள் இடா. அந்த இடா கமின்ஸ்கா வளர்ந்து மேடையில் மிரெலேயாகவே நடித்தார். போருக்குப் பின் வார்சாவின் அரசு யூத நாடக அரங்கை நடத்தினார். 1965-இல் வந்த ‘தி ஷாப் ஆன் மெயின் ஸ்ட்ரீட்’ படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் பரிந்துரை பெற்றார். 1968-இல் யூத எதிர்ப்புப் பிரசாரம் கிளம்பியபோது போலந்தை விட்டு வெளியேறினார். இன்று அந்த அரங்கம் தாய், மகள் இருவர் பெயரையும் தாங்கி நிற்கிறது. இவர்கள் உழைப்பாவது யார் பெயரில் என்று எழுதப்பட்டிருக்கிறது.

கடைசியாக, அந்த முடிவு. பார் மிட்ஸ்வா என்றால் என்ன? பதின்மூன்று வயதில் ஒரு யூதப் பையன், இனி தன் செயல்களுக்குத் தானே பொறுப்பு என்ற நிலைக்கு வருகிறான். சமயக் கடமைகள் அன்றிலிருந்து அவன் தலையில். அதாவது அவன் கணக்குக் கொடுக்க வேண்டிய வயது தொடங்குகிறது. அந்த வீட்டிலேயே மிகச் சின்னவன் பொறுப்பேற்கிற நாளில், பெரியவர்கள் ஒருவர்கூடப் பொறுப்பேற்பதில்லை. மகன்கள் வருந்துகிறார்கள், மருமகள் பணிகிறாள், பாட்டி வருகிறாள், எல்லோரும் அழுகிறார்கள். நான் மறைத்தது தப்பு என்று மிரெலே சொல்லவில்லை. இந்தச் செல்வம் உன் பாட்டி சம்பாதித்தது என்று பேரனுக்கு யாரும் சொன்னதாகவும் தெரியவில்லை. தணிக்கை நடக்காமலே கணக்கை முடித்துவிட்டார்கள். அடுத்த தலைமுறையில் இதே சண்டை மறுபடியும் வர எல்லா வசதியும் அப்படியே இருக்கிறது.

படத்தைப் பாருங்கள். அமெரிக்காவில் பிராண்டைஸ் பல்கலைக்கழக வளாகத்தில் இருக்கும் தேசிய யூதத் திரைப்பட மையத்தின் தொகுப்பில், ஆங்கில சப்டைட்டிலோடு இருக்கிறது. பெர்த்தா கெர்ஸ்டன் நிமிர்ந்து நிற்கிற அந்த நிலைக்காகவே பார்க்கலாம். அழுகை வந்தால் அழுங்கள், தப்பில்லை. ஆனால் அழுது முடித்த பிறகு ‘தியாகத் தாய்’ என்று மட்டும் சொல்லாதீர்கள். கடனில் கிடந்த தொழிலை நிமிர்த்திய வணிகர் என்று சொல்லுங்கள். அவளுக்கு வரவேண்டிய பாக்கியில் அதையாவது நாம் கொடுப்போம்.

ஷெயிண்டெலேக்கு வக்காலத்து வாங்கியதற்காக என்னைத் திட்ட விரும்புகிறவர்கள் வரிசையில் வரலாம். மாமியார்கள் முதலில்.